வெள்ளிக்கிழமைத் தட்டு

பச்சை ஏலக்காய் காய்வதற்கு முப்பத்தாறு மணி நேரம் ஆகும், ஐயா. நீங்கள் இருபத்துநான்கு என்று எழுதியிருக்கிறீர்கள். வெயில் நாளில் அது சரியாக இருக்கலாம். ஆவணி மழைக்குப் போதாது. சின்ன விஷயம்தான். ஆனால் வாக்குமூலம் என்றால் ஒவ்வொரு வரியும் சரியாக இருக்க வேண்டும்.

என் பெயர் சந்திரவல்லி. பி.எஸ்ஸி. இயற்பியல் படித்தேன். பிறகு மதுரையில் ஆறு மாதம் கம்ப்யூட்டர். போன வருஷம், எண்பத்தாறில், ஏலக்காய் வியாபாரி பெரியகருப்பன் போடியில் தன் கடை மாடியில் ஒரு கம்ப்யூட்டர் வாங்கி வைத்தார். அதற்குப் புரோகிராம் எழுத என்னை வேலைக்கு எடுத்தார்.

எனக்குச் சத்தமாகப் பேச வராது. கல்லூரியில் ஒரு கேள்விக்கும் நான் எழுந்து பதில் சொன்னதில்லை. பதில் தெரியும், அதை நோட்டில் எழுதி வைத்துக்கொள்வேன். கம்ப்யூட்டரிடம் அந்தச் சிரமம் இல்லை. நான் எழுதிக் கொடுத்ததை அது அப்படியே செய்தது. பிரிண்டர் ஓடும்போது கடையில் எல்லோரும் பேச்சை நிறுத்தினார்கள். என்னைக் 'கம்ப்யூட்டர் பாப்பா' என்று கூப்பிட்டார்கள். அந்தச் சத்தத்தை என் குரலாகவே நினைத்துக்கொண்டேன்.

குரங்கணிக்கு மேலே முதலாளிக்கு எஸ்டேட் இருக்கிறது. பறித்த காயை உலர்த்தும் கட்டடத்தை ஸ்டோர் என்பார்கள். அதைப் பார்த்தீர்கள். உள்ளே அடுக்கடுக்காகத் தட்டுகள். தரையையொட்டிப் பெரிய இரும்புக் குழாய் ஓடுகிறது. வெளியிலிருக்கும் அடுப்பில் விறகு எரித்தால் குழாய் காய்ந்து அறை சூடாகும். சூடு போகாமல் கதவைச் சாத்திச் சந்துகளில் சாக்கு அடைப்பார்கள். திங்கள், புதன், வெள்ளி காலையில் திறந்து காய்ந்த காயை எடுப்பார்கள். அன்று சாயங்காலம் பச்சைக்காயை நிரப்பித் தீ மூட்டுவார்கள்.

காய் திருட்டுப் போகிறது என்று முதலாளிக்குச் சந்தேகம். அதற்குத்தான் அந்தப் புரோகிராம். உள்ளே போன பச்சைக்காயின் எடை, வெளியே வந்த காய்ந்த காயின் எடை, அன்றைய முறைக்காரர் பெயர் மூன்றையும் கொடுத்துவிட வேண்டும். காய்ந்த எடை பச்சை எடையில் ஐந்தில் ஒரு பங்குக்குக் குறைந்தால் குறைவை அந்த ஆளின் பேரில் ஏற்றும். மழைக்கும் வெயிலுக்கும் கொஞ்சம் இடம் விட்டிருந்தேன். கூடுதலாக வந்தால்? காய் அடுப்பில் குட்டி போடாது. எடை எழுதியவர்தான் தவறியிருப்பார். ஆகவே கூடுதலை வெட்டிவிட ஒரு வரி சேர்த்தேன். மாதக் கடைசியில் பெயரும் மொத்தக் குறைவும் மட்டும் அச்சாகும். முதலாளி நீளமாகப் படிக்க மாட்டார்.

ஆடி மாதப் பட்டியலில் ஒரே ஒரு பெயர் வந்தது. ராக்கையா. வெள்ளிக்கிழமை முறைக்காரர்.

முதலாளி என்னையும் ஜீப்பில் ஏற்றிக்கொண்டு போனார். மழை. பட்டியலைப் பிளாஸ்டிக் பையில் போட்டு நெஞ்சோடு வைத்திருந்தேன். கங்காணி சுருளிவேல் ராக்கையாவை ஸ்டோருக்குள் கூட்டிவந்து கேட்டார்.

"எங்கடா வித்த?"

"ஒரு காய்கூட எடுக்கலண்ணே. எம்பிள்ளைக மேல சத்தியம்."

"மிஷினுக்கு உம்மேல என்னடா பகை? அது என்ன உன் பங்காளியா, வரப்பு வெட்டிச் சண்டை போட?"

ஆட்கள் சிரித்தார்கள். ராக்கையா என் பக்கம் திரும்பினார். "ஆத்தா, நீங்களாச்சும் சொல்லுங்க. நான் எடுக்கலத்தா." நான் பட்டியலைப் பார்த்தேன். சுருளிவேல் அவருடைய இரண்டு உள்ளங்கைகளையும் இழுத்துக் குழாயின் மேல் வைத்து அழுத்தினார். புகை வரும் என்று நினைத்தேன், வரவில்லை. கையை எடுத்தபோது தோல் குழாயிலேயே இருந்தது. பிறகு விறகுக் கட்டையால் விலாவில் அடித்தார்கள். நான்காவது அடியில் உள்ளே ஏதோ முறிவது கேட்டது. திரும்பும் வழியில் முதலாளி, "பொம்பளப்பிள்ள போட்ட கணக்கு, ஒரு பொட்டுப் பிசகாது" என்றார். அப்படி யாரும் அதுவரை என்னைச் சொன்னதில்லை.

அதன் பிறகு அன்னக்கொடி வந்தாள். ராசிங்காபுரத்துப் பெண், ப்ளஸ் டூ முடித்தவள். எடைகளைத் தட்டச்சு செய்ய அவளை எடுத்தார்கள். முதல் நாளே, "செருப்பைக் கழட்டிட்டு வரச் சொல்றீக. உண்டியல் எங்கக்கா இருக்கு?" என்று கேட்டாள். நான்கூடச் சிரித்தேன். என் மதியச் சாப்பாட்டில் பாதியை அவள் தின்பாள். புரோகிராமை எப்படிப் படிப்பது என்று ஆசையாகக் கேட்டாள். சொல்லிக் கொடுத்தேன். நான்தான் சொல்லிக் கொடுத்தேன்.

ஆவணியில் ஒரு வியாழக்கிழமை கரண்ட் போயிருந்தது. ஜன்னல் ஓரம் உட்கார்ந்து, புரோகிராம் அச்சடித்த தாளை மடியில் விரித்து விரலால் ஓட்டிக்கொண்டிருந்தாள்.

"அக்கா, ராக்கையா அண்ணனுக்குக் கொறைஞ்சதெல்லாம் வெள்ளிக்கிழமையாவே இருக்கே."

"அது அவர் முறை."

"அதில்லக்கா. வெள்ளிக்கிழமை ஸ்டோரை வழிச்செடுக்க மாட்டாகள்ல. லட்சுமி போயிரும்னு ஒரு தட்டை உள்ளயே விட்டுருவாக. எங்க வீட்லயும் வெள்ளிக்கிழமை பானை அரிசியை அடியோட அள்ளமாட்டாக. அந்தத் தட்டு திங்கக்கிழமைக் காயோட சேந்து வந்திருக்கும். அன்னைக்குக் கூடியிருக்கணுமே." விரல் கீழே இறங்கியது. நின்றது. "இந்தா, கூடினதை இங்கன வெட்டிப்புட்டீக. இல்லாட்டி அண்ணன் கொறையும் இதுவும் நேராயிருக்கும்."

சிரித்தாள். ஏளனமாக இல்லை. விடுகதைக்கு விடை கிடைத்தால் சிரிப்போமே, அப்படி. பிறகு முகம் மாறிவிட்டது.

"அக்கா. ஒரு மனுசன் கையை இந்த ஒத்தை வரி வேகவச்சிருச்சே."

ஐயா, உங்களுக்கு இதை எப்படிச் சொல்வது? புரோகிராம் எழுதுகிறவர்கள் அதில் தங்களை வைத்துவிடுகிறார்கள். மற்றவர்களுக்கு வீடு, பேச்சு, சிநேகிதம் என்று பல இடம் இருக்கிறது. எனக்கு அந்த முந்நூறு வரிதான். அவள் விரல் அந்த வரியில் நின்றபோது, குளிக்கும் இடத்தில் யாரோ கதவைத் திறந்தது போல இருந்தது. அதோடு, அந்த வரி தவறு என்று நான் இன்னும் ஒப்புக்கொள்ளவில்லை. எடை எடையாக வரவேண்டும். லட்சுமிக்குத் தட்டு விடுவதை யாரும் என்னிடம் சொல்லவில்லை.

ராக்கையாவுக்குப் பிறகு வெள்ளிக்கிழமை முறை தவசிக்கு வந்திருந்தது. திங்கட்கிழமை மாதப் பட்டியல். தவசியின் பெயர்தான் வரும் என்று அன்னக்கொடிக்குத் தெரிந்துவிட்டது. அவருக்கு இரண்டு கைக்குழந்தைகள். அதற்குள் மாற்றிவிட வேண்டும் என்று கெஞ்சினாள். மறுநாள் ஸ்டோரில் தட்டு இருக்கிறதா என்று நேரில் பார்த்துவிடலாம் என்றேன். சந்தோஷமாக வந்தாள். ஜீப்பில் வழியெல்லாம் பேசிக்கொண்டே வந்தாள்.

நாங்கள் போனபோது பச்சைக்காயை நிரப்பிவிட்டு ஆட்கள் தேநீர் குடிக்கப் போயிருந்தார்கள். கடைசி அடுக்கில் போய்ப் பார் என்றேன். தட்டுகளுக்கு இடையே பக்கவாட்டில் நடந்து உள்ளே போனாள். "இருக்குக்கா, நான் சொன்னேன்ல" என்று குரல் கேட்டது.

கதவு சாத்திக்கொண்டது. சாக்குகளை நானே அடைத்தேன்.

முதலில் அவள், "அக்கா, கதவு மாட்டிக்கிச்சு" என்றாள். பிறகு தட்டினாள். "அக்கா, வெரசா தெறங்க, மூச்சு முட்டுது." நான் மூன்றடி தூரத்தில் நின்றேன். பதில் சொல்லவில்லை. எனக்குச் சத்தமாகப் பேச வராது. தகரக் கூரையில் மழை விழுந்த சத்தத்தில், தவசி வந்தபோது தட்டுவது அவருக்குக் கேட்கவில்லை. அடுப்பு கட்டடத்தின் மறுபக்கம், நான் அங்கே போனேன்.

"உள்ள எல்லாம் சரியாத்தா? மூட்டலாமா?"

பார்த்துவிட்டேன், மூட்டுங்கள் என்றேன். அடுப்பு பிடிக்கும்வரை நின்றேன். விறகு ஈரமாக இருந்ததால் நேரம் பிடித்தது. அன்னக்கொடி குரங்கணியில் சித்தி வீட்டில் தங்குகிறாள் என்று டிரைவரிடம் சொன்னேன். சனிக்கிழமை தலைக்குக் குளித்தேன்.

திங்கட்கிழமை கதவைத் திறந்தபோது கண்டதை நீங்கள் எழுதியிருக்கிறீர்கள். விரல் நகங்கள் பெயர்ந்து கதவுப் பலகையில் இருந்தன என்பதும் சரி. கடைசியில் குழாயின் மேலேயே விழுந்திருக்கிறாள். செய்தி கடைக்கு வந்தபோது நான் பட்டியல் எடுத்துக்கொண்டிருந்தேன். எடுக்க வேண்டிய நாள். தவசியின் பெயர் வந்தது. கொடுத்தேன். திருட்டைக் கண்டுபிடிக்கப் போன பெண்ணைத் தவசிதான் உள்ளே வைத்து எரித்தான் என்று சுருளிவேலும் ஆட்களும் அவர் தாடையை உடைத்து, ஒரு கண்ணையும் எடுத்துவிட்டார்கள். நீங்களும் அப்படியே எழுதினீர்கள்.

அது தவறு. தவறான வரி ஒன்று எழுத்தில் நிற்பதை என்னால் பார்த்துக்கொண்டிருக்க முடியாது. அதனால்தான் வந்தேன். கதவு தானாகச் சாத்திக்கொள்ளவில்லை. தவசிக்கு எதுவும் தெரியாது.

இப்போது நீங்கள் எழுதியிருக்கும் காரணமும் சரியில்லை. 'முதலாளியிடம் சொல்லிவிடுவாள் என்ற பயத்தில்' என்று இருக்கிறது. அதை அடித்துவிடுங்கள். ஜீப்பில் அவள் என் கையைப் பிடித்துக்கொண்டு, "நான் யார்கிட்டயும் மூச்சு விடமாட்டேங்க்கா. நீங்களே கண்டுபிடிச்சதா வச்சு அந்த வரியை மாத்திப்புடுங்க. தவசி அண்ணன் தப்பிச்சாப் போதும்" என்றாள். அவள் சொன்னால் சொன்னதுதான். தினமும் என் எதிரே உட்கார்ந்து அந்த வரியை மனசுக்குள்ளேயே வைத்திருப்பாள், செத்தாலும் சொல்லியிருக்க மாட்டாள்.

அதை முழுக்க நம்பித்தான், ஐயா, நான் தாழ்ப்பாளைப் போட்டேன்.