பைல் நாட்டு விருந்தாளி

அய்யோ, திருட்டுச் சோறுன்னு சொல்லாதீங்கம்மா! மொய் வெக்காத சோறு, அவ்வளவுதான். நீங்க பாட்டுக்கு மொளகு அளங்க. செம்மேட்டுச் சந்தையில உங்ககிட்டதான் வாங்கோணும்னு வந்திருக்கறேன், வாங்காம போவமாட்டேன்.

எங்க உட்டேன்? ஆங், நானும் என் கூட்டுக்காரியும் சென்னையில ஒரு கம்பெனியில இருந்தமுங்க. கம்பெனிய மூடுனவங்க ஹாஸ்டலையும் சேத்துப் பூட்டிட்டாங்க. ரூம் கேட்டுப் போனா, புருசன் எங்கங்கறாங்க. புருசனுக்கு நாங்க எங்கீங்க போறது? எழும்பூர் ஸ்டேசன்ல பைய மடியில வெச்சிக்கிட்டு, ஊருக்குப் போறவளுகளாட்டம் உக்காந்துக்குவோம். ஒருத்தி கண்ணசந்தா ஒருத்தி முழிச்சிருக்கோணும். பயமில்லாமயா? ஆனா பசிக்கு முன்னால பயமெல்லாம் எந்த மூலைக்கு?

முகூர்த்த நாளுன்னா எங்களுக்குத் தீவாளி. மூஞ்சி கழுவி, பூ வெச்சு, நேராப் பந்திதான். ஒருக்கா பொண்ணுக்கு மாமன்காரர் புடிச்சிக்கிட்டாரு, எந்த ஊரும்மான்னு. நான் திருதிருன்னு முழிக்கறேன். இவளுக்குப் பொய்யே வராது, பைல் நாடுங்கன்னுட்டா. அது இந்த மலை மேல இருக்கற நாடுன்னு அந்தாளுக்கு என்ன தெரியும்? திரும்பி, ஏப்பா, வெளிநாட்டுல இருந்து வந்திருக்காங்க, இன்னொரு ஜாங்கிரி வையின்னாரு பாருங்க!

சிரிக்கறீங்க! அப்பாடா. நீங்க சிரிக்கோணும்னுதான் நானும் இத்தனை நேரமா வாயடிக்கறேன்.

ஆமாங்க, உங்க மலைப் பக்கத்துக்காரிதான். கூத்தக் கேளுங்க, தாலி கட்டற நேரத்துக்கு மட்டும் எந்திரிச்சு வெளிய போயிருவா. ஏன்டீன்னா, நிச்சயத்தன்னிக்கு ஊட்ட உட்டு ஓடியாந்தவடி நான், எங்கம்மா ஆக்கி வெச்ச சோறெல்லாம் என்னாச்சோன்னு ஒரே அழுகை. இனி வாசப்படி மிதிக்காதேன்னு அவங்கம்மா போன்லயே சொல்லிட்டாங்களாம்.

ஏனுங்கம்மா, படியக் கீழ வெச்சுட்டீங்க? மொளகு செதறுதுங்க.

அங்க பாருங்க, பலாப்பழக் குமிக்குப் பின்னால, முக்காடு போட்டுக்கிட்டு. உங்க யமுனாதானுங்க. பஸ்ஸு மலையேறுன எழுபது வளைவுக்கும் வாந்தி, வவுத்துல ஒண்ணுமில்ல. மலைக்காரியாமா! திட்டறத அப்பறம் திட்டிக்கலாம், மொதல்ல சாப்பிட்டியா கண்ணுன்னு ஒரு வார்த்தை கேளுங்க.

நானுங்களா? ரோஸ்லினுங்க. மிதிக்காதேன்னு சொல்லக்கூட எனக்கு ஒரு வாசப்படி இல்லீங்க. உலை வெக்கறப்ப எனக்கும் சேத்து ஒரு புடி போடுங்க. மொய் வெக்கமாட்டேன், இப்பவே சொல்லிப்புட்டேன்.