சான்று தேவை

நான் பிறந்த ஊரைத் தப்பாகப் போட்டிருந்தார்கள், ஐயா. இணையக் கலைக்களஞ்சியத்தில் என் பெயரில் ஒரு பக்கம் இருக்கிறது. 'குராமோச்சி தெய்ஜி, காளான் ஆய்வாளர், மாட்சுமோட்டோவில் பிறந்தவர்' என்று அதில் இருந்தது. நான் பிறந்தது ஈடாவில். அதைத் திருத்தத்தான் முதன்முதலில் உள்ளே போனேன்.

காவல் நிலையத்திலிருந்து நீங்கள் வந்திருப்பது விடுதிக்காரி சியே இறந்த விஷயமாக. அந்த விருந்தில் பிழைத்தவன் என்று என்னிடம் நாலு வார்த்தை கேட்டுவிட்டுப் போக வந்தீர்கள். தெரியும். ஆனால் பிறந்த ஊரிலிருந்து தொடங்கினால்தான் உங்களுக்கு விளங்கும்.

அந்தக் களஞ்சியத்தில் தன்னைப் பற்றித் தானே எழுதக் கூடாது. நலமுரண் என்று அதற்குப் பெயர். நல்ல விதிதான். அதனால் 'மூடுபனி' என்று வேறொரு பெயரில் கணக்குத் தொடங்கினேன். மூடுபனிக்கு என்மேல் மரியாதை அதிகம். ஊரைத் திருத்தியது, என் படத்தை மாற்றியது, பிறகு சாம்பல் தொப்பிக்கு வந்தது.

சாம்பல் தொப்பி எங்கள் மலையில் இலையுதிரும் காலத்தில் முளைக்கிற காளான். நஞ்சு. குளிர்காலம் முழுக்க உப்புத் தொட்டியில் புதைத்துவைத்து, ஓடும் நீரில் அலசினால் சாப்பிடலாம் என்று புத்தகம் போட்டவன் நான். தொலைக்காட்சியில் சாப்பிட்டும் காட்டினேன். புத்தகத்தில் 'நஞ்சு பெரும்பாலும் நீங்கிவிடும்' என்றுதான் எழுதியிருந்தேன். மூடுபனி அந்தப் 'பெரும்பாலும்' இருந்த இடத்தில் 'முழுவதும்' என்று போட்டது. படிக்க நன்றாக இருந்தது. அதைப் பார்த்து ஒரு பத்திரிகை அப்படியே எழுதியது. அந்தப் பத்திரிகையையே மூடுபனி அடியில் சான்றாகச் சேர்த்தது.

அதற்கடுத்த வசந்தத்தில் நான் வெளியூர் போயிருந்தபோது என் மனைவி மித்ஸுயே தொட்டியிலிருந்து எடுத்துச் சமைத்துச் சாப்பிட்டிருக்கிறாள். ஆஸ்பத்திரியிலிருந்து திரும்பியவள் செருப்பைக் கழற்றுவதற்கு முன்பே ஆரம்பித்துவிட்டாள்.

"நீங்களும் உங்க காளானும்! குடலே வெளிய வந்துடுச்சு. சாகப் பயமில்ல, புருஷன் கண்டுபிடிச்சதைத் தின்னு செத்தாள்னு ஊரே சிரிக்குமேன்னுதான் பயம். இனி இது என் அடுப்புல ஏறிச்சோ, பொறந்த வீட்டுக்குப் போயிடுவேன்."

தொட்டியைத் தோட்டத்தில் கவிழ்த்தேன். களஞ்சியப் பக்கத்தை மட்டும் மாற்றவில்லை. ஏன் என்று கேட்பீர்கள். வெட்கம், ஐயா. வேறொன்றும் இல்லை.

பிறகு ஹிவாத்தாரி சயோ என்று ஒரு பெண் வந்தாள். நேரில் பார்த்ததில்லை, களஞ்சியத்தில்தான். இந்த முறையில் பக்குவம் செய்ததைச் சாப்பிட்ட ஒருவருக்கு இரண்டு சிறுநீரகமும் போய்விட்டது என்று என் பக்கத்தில் ஒரு வரி சேர்த்தாள். மூடுபனி நீக்கியது. மறுபடியும் சேர்த்தாள். மறுபடியும் நீக்கியது. திருத்துகிறவர்கள் பேசிக்கொள்ளும் உரையாடல் பக்கத்தில் அவள் கேட்டாள்: "யாருங்க நீங்க, வாத்தியார் வீட்டு வாசல் கூட்டுறவரா? எதைப் போட்டாலும் துடைப்பத்தோட நிக்கிறீங்க."

நிர்வாகி ஒருவர் தலையிட்டு எங்கள் இருவரையும் கேட்டார்: இந்த விஷயத்தில் உங்களுக்கு ஏதாவது தொடர்பு உண்டா?

"ஆமாங்க. சிறுநீரகம் போனது எங்க அப்பாவுக்கு" என்று எழுதினாள் சயோ.

மூடுபனி, தொடர்பு எதுவும் இல்லை என்றது. சான்றில்லாத சொந்த விவகாரம், அப்பட்டமான நலமுரண் என்று விதியைச் சுட்டிக்காட்டிப் பணிவாக ஒரு பத்தியும் எழுதியது. அவளைத் தடை செய்தார்கள். அன்றைக்கு எனக்குச் சோறு இறங்கவில்லை. ஆனாலும் அந்த வரி இல்லாத பக்கத்தைத் திறந்து திறந்து பார்த்துக்கொண்டிருந்தேன்.

சியே என்னோடு மலைக்குக் காளான் பொறுக்க வந்துகொண்டிருந்தவள். வெந்நீர் ஊற்றுப் பக்கம் விடுதி வைத்திருந்தாள். எனக்கு எழுபது நிறைவதற்கு அங்கேதான் விருந்து ஏற்பாடு செய்தாள். போன மாதம் போன் பண்ணினாள்.

"வாத்தியாரே, உங்க விருந்துல உங்க காளான் இல்லாம எப்படி? ஒரு தொட்டி உப்புல போட்டுவச்சிருக்கேன். மனசுக்குள்ள மட்டும் கொஞ்சம் பக்குனு இருக்கு. பரிமாறலாமா?"

வேண்டாம் என்று சொல்லியிருக்கலாம். காரணம்கூடக் கேட்டிருக்க மாட்டாள். நான் சொன்னது இதுதான்: "களஞ்சியத்துல என்ன போட்டிருக்குன்னு பாரேன்."

சத்தமாகவே படித்தாள். நஞ்சு முழுவதும் நீங்கிவிடும். படித்துவிட்டுச் சிரித்தாள். "அட, உங்ககிட்ட கேட்டா நீங்க உங்க காளானை விட்டுக்கொடுக்கவா போறீங்க? இது யாரோ மூணாம் மனுஷங்க எழுதினது. இப்பதான் நிம்மதி."

பாவி நான், போனை வைத்துவிட்டேன்.

விருந்தில் சாம்பல் தொப்பியை முள்ளங்கித் துருவலோடு சின்னக் கிண்ணங்களில் வைத்தார்கள். வயிற்றுவலி என்று சொல்லி மித்ஸுயே வரவில்லை. விருந்துக்கு உரியவன் முதலில் சாப்பிடும் குச்சியைத் தொட வேண்டும். அதுவரை யாரும் தொட மாட்டார்கள். எல்லோரும் என் வாயையே பார்த்தார்கள். அதற்குப் பிறகு நடந்தது உங்களுக்குத் தெரியும். பலர் வாந்தியெடுத்துப் பிழைத்தார்கள். சமைக்கும்போதும் ருசி பார்த்தவள் சியே. அவள் எழுந்திருக்கவில்லை.

நேற்று என் பக்கத்தைப் பார்த்தேன். விருந்தைப் பற்றி யாரோ எழுதிவிட்டார்கள். 'குராமோச்சியும் அதை உண்டார். நல்வாய்ப்பாக உயிர் தப்பினார்' என்று இருக்கிறது. அடியில் பத்திரிகைச் சான்றும் இருக்கிறது. வரியைப் பார்த்ததும் மனசு ஒரு நொடி குளிர்ந்தது, ஐயா. அந்த ஒரு நொடியைத்தான் என்னால் தாங்க முடியவில்லை.

அது தப்பு. திருத்த வேண்டும். ஆனால் என் பக்கத்தில் நான் கை வைக்கக் கூடாது, மூடுபனி எழுதினால் சான்று கேட்பார்கள். அதனால் நீங்கள் எழுதிக்கொள்ளுங்கள், கீழே கையெழுத்துப் போடுகிறேன். குராமோச்சி அதை உண்ணவில்லை. வாயில் வைத்தான். உதட்டைத் துடைப்பதுபோல, கை துடைக்கக் கொடுத்திருந்த ஈரத்துண்டில் துப்பினான். பிறகுதான் "பிரமாதம்" என்றான். சியே பக்கத்தில் வந்து உட்கார்ந்து, அந்தத் துண்டை வாங்கிக்கொண்டு வேறொன்று சூடாகக் கொடுத்தாள். அதன் பிறகு எல்லோரும் சாப்பிட்டார்கள்.