பஞ்சுக் கூடத்துக் கயிறுகள்

உட்கார நாற்காலி கொடுத்ததற்கு நன்றி, ஐயா. ஏழு வருஷமாக நின்றுகொண்டே வேலை பார்த்தவன் நான். கயிறு பிடிக்கிறவன் உட்கார்ந்தால் வேலை சரிப்படாது.

பஞ்சுக் கூடம் என்பது தெருக்காரர்கள் கேலிக்கு வைத்த பெயர். உள்ளே இருப்பவர்கள் தங்களை ‘விட்டவர்கள்’ என்று சொல்லிக்கொள்வார்கள். உலகத்தில் எடை என்று ஒன்று கிடையாது, நாம் பிடித்துக்கொண்டிருப்பதுதான் எடை என்பது அவர்கள் கொள்கை. ஒன்றை மனதார விட்டால் ஒரு சாண் எழும்பலாம். வாயளவில் விட்டால் பலிக்காது.

கூரையில்லாத அந்தக் கூடத்தில், காலையில் ஒவ்வொருவராக எழுந்து எதை விடுகிறோம் என்று உரக்கச் சொல்வார்கள். தையற்காரர் மைத்துனர் மேலிருந்த பத்து வருஷப் பகையை விட்டார். ஜிவ்வென்று எழும்பி, சுவரில் உட்கார்ந்திருந்த காக்கையோடு முட்டிக்கொண்டார். பல் வைத்தியரம்மா, தான் சொன்னதே சரி என்கிற பிடிவாதத்தை விட்டார். செருப்பு மட்டும் கீழே நின்றது. ஒரே கும்மாளமாக இருக்கும், ஐயா. பார்க்கிற எனக்கே வயிற்றுக்குள் கிச்சுகிச்சு மூட்டும்.

நானும் முயன்றேன். பதவி ஆசை, மதியத் தூக்கம், பங்காளிச் சண்டை எல்லாவற்றையும் விட்டுப் பார்த்தேன். ஒரு இம்மிகூட நகரவில்லை. கூடத்தை நடத்துகிற ஆசான் என் தோளில் தட்டி, “உனக்கு இதெல்லாம் வராதுப்பா. நீ கயிறைப் பிடி,” என்றார். எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். விட்டவர்களில் ஒருத்தியான என் மனைவி கொஞ்சம் கூடுதலாகச் சிரித்தாள்.

எழும்பியவர் தானாக இறங்க முடியாது. கீழே ஒருவர் இழுக்க வேண்டும். கயிறில்லாமல் போனவர் மேகத்தைத் தாண்டிப் போவார், திரும்ப மாட்டார். அதனால் ஒவ்வொருவர் இடுப்பிலும் ஒரு கயிறு. மறுமுனை என் முன்னால் இருக்கும் மரச்சட்டத்தில், ஒன்பது முளைகளில். ஒரு முறை சுண்டினால் ‘இன்னும் விடு’. இரண்டு முறை சுண்டினால் ‘இறக்கு’. ஏழு வருஷத்தில் ஒருமுறைகூட நான் தவறியதில்லை.

நீங்கள் விசாரிக்கிற அந்த நாளில், முதலில் என் மனைவியின் முறை. கண்ணை மூடிக்கொண்டு, “என் வீட்டுக்காரரை விட்டேன்,” என்றாள்.

சாண் கணக்கெல்லாம் எங்கோ போயிற்று. கயிறு முழுவதும் சரசரவென்று ஓடி விறைத்து நின்றது. கூடத்தில் யாரும் அவ்வளவு உயரம் போனதில்லை. எல்லோரும் கைதட்டினார்கள். நானும் தட்டினேன். அந்த உற்சாகத்தில் மற்றவர்களும் ஆளுக்கொன்றை விட்டுவிட்டு மேலே போனார்கள், ஆசான் உட்பட.

கொஞ்ச நேரத்தில் அவள் கயிறு இரண்டு முறை சுண்டியது.

“ஏங்க, இறக்கி விடுங்க. தலை சுத்துது. நான் சும்மா சொன்னேங்க அத.”

யோசித்தேன். சும்மா சொன்னால் யாரும் எழும்புவதில்லை. அவள் மனதாரத்தான் விட்டிருக்கிறாள். அப்படியிருக்க நான் மட்டும் பிடித்துக்கொண்டிருப்பது மரியாதையில்லை. முடிச்சை அவிழ்த்தேன். அறுக்கவில்லை, நல்ல கயிறு.

அவளுக்குத் தனியாக இருக்கப் பயம். பல்லி விழுந்தாலே என்னைக் கூப்பிடுவாள். அதனால் துணைக்குத் தையற்காரரை அனுப்பினேன். பேச்சுத்துணைக்கு ஒரு பெண்பிள்ளை வேண்டாமா, பல் வைத்தியரம்மாவையும் அனுப்பினேன். அதற்குப் பிறகு மற்றவர்களை விட்டுவைத்தால் மனத்தாங்கல்தான் வரும். ஆசான் கடைசி. இருபது முறையாவது சுண்டியிருப்பார். உலகத்தில் எல்லாவற்றையும் விட்டவர், கயிற்றை மட்டும் இரண்டு கையாலும் பிடித்திருந்தார். எனக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை, ஐயா. கண்ணில் தண்ணீர் வரும்வரை சிரித்தேன். அவர்களும் சிரித்துக்கொண்டேதான் போனார்கள். அந்த உயரத்திலிருந்து வருகிற சத்தம் எதுவானாலும் சிரிப்பு மாதிரித்தான் கேட்கிறது.

ஆமாம், ஒன்பது பேரையும் நான்தான் விட்டேன். எழுதிக்கொள்ளுங்கள். அவள் மேல் எனக்குத் துளியும் கோபம் இல்லை என்பதையும் எழுதுங்கள். அதை அன்றே மனதார விட்டாயிற்று. விட்ட நொடியிலேயே நானும் எழும்பத் தொடங்கிவிட்டேன். பார்க்கிறவர்களுக்குத் தெரியாது. நான் எழும்ப எழும்ப, தரையும் கூடவே எழும்பி வருகிறது, அவ்வளவுதான்.