ஆறு மாச அவகாசம்

அட, டேப்பக் கீழ வைங்க தம்பி. பாதை பத்தடி இருக்கணும், ஏழரை அடிதான் இருக்கு. நீங்க அளந்தாலும் ஏழரை, நான் அளந்தாலும் ஏழரை. மீதி ரெண்டரை அடிய இந்தச் சறுக்கு முழுங்கிருச்சு. உங்க பேப்பர்ல சாய்தளம்னு கௌரவமா போட்டிருக்கும். வீட்டம்மாவோட வீல்சேர் இறங்கறதுக்காக வாசப்படி மூணையும் மூடி நான்தான் ஆள் வச்சுப் போட்டேன். ஆக்கிரமிப்புதான், இல்லன்னு யார் சொன்னா? அதான் சமரசம்னு கோர்ட்டுல கையெழுத்தே போட்டுக் குடுத்திருக்கேனே.

உக்காருங்க. கடப்பாரைக்காரங்க ரெண்டு பேரையும் நிழல்ல நிக்கச் சொல்லுங்க. டீ வரும். பின் வீட்டுலருந்துதான் வரும், கேஸ் போட்டாரே வேன்காரர், அவரு சம்சாரம் போடறாங்க. காரியம் ஆகணும்ல!

என்ன சிரிக்கிறீங்க? ஓ, ஆபீஸ்ல சொல்லிட்டாங்களா? ஆமா, நானும் உங்கள மாதிரி கோர்ட்டு அமீனாவா இருந்தவன்தான். இருபத்தேழு வருஷம். ஜன்னலோரம் கால் ஆடற மேஜை ஒண்ணு இருக்குமே, அது என் மேஜை. இன்னும் ஆடுதா? அடியில எதையாவது மடிச்சு வைங்க. நான் வாங்க ஆளில்லாத சம்மன் ஒண்ண மடிச்சு வச்சிருந்தேன், அசையாம நின்னுச்சு.

டீயக் காட்டி நேரத்தக் கடத்தறான் கெழவன்னு நெனைக்கறீங்க. நெனைங்க, நானா இருந்தா நானும் அதான் நெனைப்பேன். அஞ்சு மணிக்குள்ள முடிச்சு எழுதிக் குடுக்கணும், தெரியும். நான் பாக்காத ஆளா? ஒருத்தன் என்னைப் பாத்ததும் நெஞ்சு வலின்னு பாதையில படுத்துட்டான். நானும் பக்கத்துல உக்காந்துக்கிட்டேன். நாலு மணிக்கு அவனுக்கே சலிச்சுப் போயி, எழுந்து சட்டைய உதறிட்டுப் போயிட்டான். இன்னொரு எடத்துல கேட்டப் புடுங்கிப் போட்டுட்டு வந்தேன். மறுவாரம் போனா, கேட் இருந்த எடத்துல மாமனாரக் கட்டில் போட்டுப் படுக்க வச்சிருக்கான். கேட் கூடாதுன்னுதானே ஆர்டர், கட்டில் கூடாதுன்னு எங்க இருக்குங்கறான். மாமனாரக் கேட்டா, இங்க காத்து நல்லா வருதுங்கறாரு.

அதுலருந்துதான் நான் ஒரு பழக்கம் ஆரம்பிச்சேன். போனதும் மொத வேலையா ஆர்டரப் படிக்கறது. நின்னுக்கிட்டு, முழுசா, வீட்டுக்குள்ள இருக்கறவங்க காதுலயும் விழற மாதிரி. அப்புறம் எவனும் எனக்குத் தெரியாதுன்னு சொல்ல முடியாதுல்ல? உங்க ஆபீஸ்ல இன்னைக்கும் அப்படித்தானாமே. நல்ல பேர் வாங்கிக் குடுத்த பழக்கம்.

வேன்காரர் மேல எனக்குக் கோவமா? சேச்சே. பாவம், அவருக்கு வேற வழி கிடையாது. வேன ரோட்டுல நிறுத்திட்டு மூட்டையத் தலையிலதான் சொமக்கறாரு. போன மாசம் முதுகு புடிச்சுக்கிச்சு. எங்க வீட்டம்மா என்னையத்தான் திட்டறா, உங்க வீம்புக்கு அந்த மனுசன் கூன் விழுந்து சாகப் போறாருன்னு. அதோ, அந்த ஜன்னல்தான். எட்டிப் பாக்காதீங்க, பாத்தீங்கன்னா கூப்பிட்டு வச்சு உங்க பாட்டன் பூட்டன் வரைக்கும் விசாரிப்பா. கால் ரெண்டும்தான் போச்சு, காது ரெண்டும் பாம்புக் காது.

நான் எங்க தம்பி தடுத்தேன்? சமையக்கட்டுப் பக்கம் போய்ப் பாருங்க, புதுச் சறுக்கே போட்டாச்சு. உங்க நோட்டீஸ் வந்த மறுநாளே ஆள் விட்டேன். பத்து நாள் தண்ணி ஊத்தி, நேத்துதான் வெள்ளோட்டம். வீல்சேர்ல நான் உக்காந்தேன். சர்ருன்னு போயி வேலியில முட்டிக்கிட்டேன். அவ சிரிச்ச சிரிப்புல புரையேறிருச்சு.

இத எட்டு மாசம் முன்னாடியே பண்றதுக்கென்னங்கறீங்க. நியாயம்தான். ஆறு மாசக் கெடு முடிஞ்ச அன்னைக்குக் கடப்பாரையும் கையுமா வந்து நின்னேன். அவ இதே சறுக்குல இறங்கி, வெயில்ல உக்காந்து தலை காய வச்சுக்கிட்டிருந்தா. இத இடிச்சா வேற போடணும். வேற போடணும்னா, இன்னும் எத்தன நாளைக்குன்னு மனசு கணக்குப் போடும். ஒரு தடவை போட்ட கணக்கே போதும்னு கடப்பாரைய உள்ள வச்சிட்டேன். இருக்கறத இருக்கற மாதிரி விட்டா, எல்லாம் இப்படியே ஓடிரும்னு ஒரு நெனப்பு.

நாற்காலிய இன்னும் கொஞ்சம் கிட்டப் போடுங்க.

எனக்குக் கடப்பாரையெல்லாம் பயம் இல்ல தம்பி. உங்க கையில இருக்கற பேப்பர்தான். மூணாவது பாராவப் பாருங்க. பிரதிவாதி தாமே கேட்டுக்கொண்டபடி ஆறு மாத அவகாசம். இருக்கா? அவ கேட்டுக்கிட்டே இருக்கா, எந்த மடையன் ஆறு மாசத்துக்கு ஒத்துக்கிட்டான், நான் இருக்கற வரைக்கும்னு கேக்க வாயில்லையான்னு. ஜட்ஜு போட்டதுன்னு சொல்லி வச்சிருக்கேன்.

ஜட்ஜு எங்க போட்டாரு? வேன்காரர் அன்னைக்குப் பெருந்தன்மையாத்தான் கேட்டாரு, எவ்வளவு நாள் வேணும், நீங்களே சொல்லுங்கன்னு. அதுக்கு முந்தின நாள்தான் டாக்டர் என்னைத் தனியாக் கூப்பிட்டு, அவ மூணு மாசம் தாங்கினா பெருசுன்னாரு. நான் ஆறுன்னேன். தாராளமாக் கேக்கறதா நெனப்பு! இப்ப பதினாலாவது மாசம் ஓடுது, காலையில ரெண்டு தோசை சாப்ட்டுட்டு உப்பு கம்மின்னா.

டாக்டர் ஒண்ணும் சொல்லலன்னுதான் அவகிட்ட சொல்லிருக்கேன். நம்பிட்டா. ஆனா ஆறு மாசம் நானாக் கேட்டதுன்னு காதுல விழுந்தா போச்சு. எதுக்கு ஆறுன்னு அவளுக்கு யாரும் விளக்க வேண்டாம்.

படிக்காம விட முடியாது, தெரியும். உங்க வேலைக்கு வம்பு. இந்தா, டீயும் வந்திருச்சு. குடிச்சிட்டு ஆளுங்களக் கூப்பிடுங்க. மொதல்ல அவங்க உடைக்கட்டும், நல்லா சத்தமா உடைக்கட்டும். அந்தச் சத்தத்துல நீங்க மூணாவது பாராவப் படிச்சிருங்க.