பெட்டியில் இருக்கும் புதிய பெல்ட்

பழைய வேன் வாங்குகிறவர்கள் முதல் வேலையாக டைமிங் பெல்ட்டை மாற்றிவிடுவது நல்லது. மீட்டர் எத்தனை ஆயிரம் காட்டினாலும் அதை நம்பக் கூடாது. மீட்டரைப் பின்னுக்குத் திருப்பி வைப்பது நம் நாட்டில் காலையில் பல் துலக்குவது மாதிரி சாதாரண விஷயம். பெரகல சந்தியில் இருபத்திரண்டு வருடமாகக் கராஜ் வைத்திருக்கிறேன். வருகிற எல்லாரிடமும் இதைத்தான் சொல்லுவேன்.

கம்சலா மிஸ், நீங்கள் கேட்டது வேறு. மதுஷாவை எங்களுக்குச் சட்டப்படி தத்துக் கொடுக்கலாமா என்று விசாரிக்கப் பதுளை நன்னடத்தைக் கந்தோரிலிருந்து வந்தீர்கள். "புள்ள எப்படி ஒங்க கைக்கு வந்திச்சுன்னு ஒங்க கையாலயே எழுதித் தாங்க தயாபரன், ஒரு பக்கம் போதும்" என்று தாளை வைத்துவிட்டுப் போனீர்கள். ஒரு பக்கம் போதவில்லை. பெல்ட்டைப் பற்றிச் சொல்லாமல் பிள்ளையைப் பற்றிச் சொல்ல முடியாது. பொறுமையாகப் படியுங்கள்.

மதுஷா என் தங்கை ஜீவராணியின் மகள். மீரியபெத்தையில் மண் சரிந்து வீடுகள் புதைந்த வருடம் அவளுக்கு எட்டு மாதம். அந்த வருடக் கடைசியில் ஜீவராணி குவைத்துக்கு வீட்டு வேலைக்குப் போனாள். அவள் புருஷன் நிமலன் கொழும்பில் ஒரு புடவைக் கடையில் வேலைக்கு நின்றான். கைப்பிள்ளை உள்ள தாயை வெளிநாடு போக விடமாட்டார்கள். வீட்டுக்கு ஆள் வந்து விசாரிப்பார்கள். எங்கள் பக்கத்தில் எல்லாரும் செய்வதைத்தான் நாங்களும் செய்தோம். விசாரணைக்கு ஆள் வந்த அன்று பிள்ளையை என் மனைவி சரஸ்வதியின் மடியில் வைத்தோம்.

"இது எங்க அண்ணியோட புள்ளைங்க. எனக்கு இன்னும் அந்தப் பாக்கியம் கெடைக்கலைங்க" என்றாள் ஜீவராணி. முகத்தில் ஒரு சுளிப்பும் இல்லை. வந்தவர் அதை எழுதிக்கொண்டு, தேத்தண்ணீர் குடித்துவிட்டுப் போனார்.

அவர் தலை மறைந்ததும் எல்லாரும் சிரித்தோம். சரஸ்வதி மட்டும் சிரிக்கவில்லை. எங்களுக்குக் கல்யாணமாகி அப்போது ஒன்பது வருடம். அவள் பிள்ளையை இறுக்கிப் பிடித்துக்கொண்டு உள்ளே போய்விட்டாள். அவளைப் பார்க்க எனக்குப் பாவமாகவும் இருந்தது, சந்தோஷமாகவும் இருந்தது. ஏதோ ஒரு கந்தோரில் ஒரு தாளில் அவள் தாயாகிவிட்டாளே என்று நினைத்தேன்.

பிறகு எட்டு வருடம் போனது. முதல் பல் விழுந்தது, அம்மை போட்டது, பள்ளிக்கூடத்தில் சேர்த்தது, மழையில் சப்பாத்து நனைந்துவிட்டது என்று அழுதது, எல்லாம் எங்கள் வீட்டில்தான். ஜீவராணி இரண்டு தடவை லீவில் வந்து போனாள். மதுஷா என்னை அப்பா என்றும் சரஸ்வதியை அம்மா என்றும் கூப்பிட்டாள். நாங்கள் சொல்லிக் கொடுக்கவில்லை. திருத்தவும் இல்லை.

ஜீவராணி ஒரேயடியாகத் திரும்பி வந்த அன்று பிள்ளை என் முதுகுக்குப் பின்னால் ஒளிந்துகொண்டு, "அப்பா, இந்தக் குவைத் அம்மா எப்பப் போவாங்க?" என்று கேட்டாள். ஜீவராணி அழுதுவிட்டாள். அப்புறம் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "இவரு மாமா. ஒங்க அப்பா அந்தா நிக்கிறாரு பாரு" என்று நிமலனைக் காட்டினாள். அவள் சொன்னது நியாயம். அவள் பெற்ற பிள்ளை. அதை நான் ஒருநாளும் மறுத்ததில்லை.

வந்த மூன்றாம் மாதம் நிமலன் பண்டாரவளையில் ஒரு டீசல் வேன் வாங்கினான். கொழும்புப் பக்கம் வத்தளையில் வாடகைக்கு வீடு பார்த்தாயிற்று. அங்கே பள்ளிப் பிள்ளைகளை ஏற்றி இறக்கிப் பிழைக்கலாம் என்பது அவர்கள் திட்டம். ஜனவரியில் மதுஷாவுக்கும் அங்கேயே பள்ளிக்கூடம். வேனைக் கராஜில் விட்டுவிட்டு ஜீவராணி சொன்னாள்: "அண்ணே, வேற யார்ட்டயும் குடுக்க எனக்கு மனசில்ல. நீங்க கை வச்சாத்தான் நம்பிக்கை. பெல்ட்ட மாத்தி முழுசாப் பாத்துக் குடுங்க."

அந்த வாரம் சரஸ்வதி சரியாகச் சாப்பிடவில்லை. பிள்ளையின் உடுப்புகளை மடிப்பாள், பிரிப்பாள், திரும்ப மடிப்பாள். "நாம என்னங்க செய்ய முடியும்?" என்று என்னைக் கேட்டாள். மதுஷா போய்விட்டால் அந்த வீட்டில் நாங்கள் இரண்டு பேரும் எதைப் பற்றிப் பேசுவோம் என்றே எனக்குத் தெரியவில்லை. அந்தப் பயத்தை உங்களுக்கு எப்படிச் சொல்வது?

உங்களுக்கு எஞ்சின் விஷயம் தெரிந்திருக்காது. எஞ்சினுக்குள் மேலே ஒரு தண்டும் கீழே ஒரு தண்டும் சுற்றும். இரண்டையும் ஒரே தாளத்தில் ஓட வைப்பது பல் வைத்த ஒரு ரப்பர் பட்டி. அதுதான் டைமிங் பெல்ட். அது அறுந்தால் எஞ்சின் அந்த நொடியே நின்றுவிடும். உள்ளே வால்வெல்லாம் வளைந்துவிடும். ஸ்டியரிங் கல்லாகிவிடும். பிரேக் இரண்டு மூன்று மிதி வரைக்கும் பிடிக்கும், பிறகு காலுக்கு அடங்காது.

நான் மூடியைக் கழற்றிப் பார்த்தேன். பழைய பெல்ட்டில் மயிரிழை மாதிரி வெடிப்புகள் இருந்தன. நிமலன் வாங்கி வந்த புதிய பெல்ட் பெட்டியோடு பக்கத்திலேயே இருந்தது. நான் பழையதை அப்படியே விட்டு மூடியைப் பூட்டிவிட்டேன். போட வேண்டிய ஒன்றைப் போடவில்லை, அவ்வளவுதான்.

எங்கள் தொழிலில் ஒரு வழக்கம் உண்டு. கழற்றிய பழைய சாமானைப் பேப்பரில் சுற்றி வாகனக்காரர் கையில் கொடுத்துவிட வேண்டும். அதைக் கண்ணால் கண்டால்தான் புதியது போட்டதை நம்புவார்கள். அப்புத்தளை ஸரூக் நானாவின் வேனும் அதே எஞ்சின்தான். அதில் கழற்றிய பெல்ட் ஒன்று மூலையில் கிடந்தது. அதைத் துடைத்துச் சுற்றிக் கொடுத்தேன். நிமலன் விரித்து, வெடிப்புகளை விரலால் தடவிப் பார்த்தான்.

"அடேயப்பா, இத வச்சுக்கிட்டா ஓடியிருக்கு? தப்பிச்சோம் மச்சான்" என்றான். நல்ல மனுஷன். வாங்கி வந்த வடையில் பாதியை எனக்குக் கொடுத்தான்.

என் யோசனை இதுதான். பெரகலயிலிருந்து அப்புத்தளைக்கு ஏறும் ஏற்றத்தில் எஞ்சின் முக்கும். பெல்ட் அங்கே அறுந்தால் வேன் நின்ற இடத்தில் நிற்கும். இறங்கி டயருக்குக் கல் வைத்துவிட்டு நடக்கலாம், ஒருவருக்கும் ஒரு கீறல் விழாது. வேன் திரும்ப என்னிடம்தான் வரும். சாமான் கிடைக்கவில்லை என்று மூன்று மாதம் இழுத்தடிக்கலாம். ஜனவரி கடந்துவிடும். மதுஷா இன்னும் ஒரு வருடம் இங்கே படிப்பாள். ஒரு வருடத்தில் எத்தனையோ மாறலாம். இதைத் தவறு என்று சொல்லலாம், கொடுமை என்று சொல்ல முடியுமா?

ஒன்றை விட்டுவிட்டேன். அந்தப் பழைய பெல்ட், நான் பார்த்தவரையில், இன்னும் இரண்டு மூன்று மாதம் தாக்குப் பிடித்திருக்கும். எனக்கு அவ்வளவு அவகாசம் இல்லை. அதனால் பூட்டுவதற்கு முன் உள்விளிம்பில் பிளேடால் ஒரு வெட்டு வைத்தேன். நகக்கண் அளவுதான்.

வியாழக்கிழமை வேனைக் கொடுத்தேன். ஜீவராணியின் மாமியார் வீடு கராஜுக்குக் கூப்பிடு தூரத்தில்தான், வேன் அங்கேயே நின்றது. சனிக்கிழமை காலை கதிர்காமத்துக்குப் புறப்பட்டார்கள். எங்கள் மலையில் வாகனம் வாங்கினால் முதல் ஓட்டம் கதிர்காமத்துக்குத்தான். சாமிக்குக் காட்டாமல் சொந்தக்காரர் வீட்டுக்குக்கூட எடுக்க மாட்டார்கள். பெரகலயிலிருந்து கொஸ்லாந்தை வழியாக வெல்லவாய வரை ஒரே இறக்கம், ஒரு பக்கம் மலை, மறுபக்கம் பள்ளம். இந்தக் கதிர்காமப் பயணம் எனக்கு அப்போது ஞாபகத்துக்கு வரவில்லை.

ஆறு மணிக்கு வேன் எங்கள் வாசலில் வந்து நின்றது. நிமலன், ஜீவராணி, நிமலனின் தாய் இராக்கம்மா. எங்கள் மூன்று பேரையும் கூட்டிப்போக வந்திருந்தார்கள். எனக்குக் கராஜில் வேலை இருந்தது. மதுஷாவுக்குக் காய்ச்சல். பிள்ளையைப் பார்த்துக்கொள்ளச் சரஸ்வதி நின்றுவிட்டாள்.

ஜீவராணி வாசலிலேயே நின்றாள். "புள்ளைக்கும் சேத்துக் கும்பிடத்தானேண்ணே போறோம். புள்ளய விட்டுட்டா போறது? அடுத்த வாரம் போவோமே" என்றாள். நிமலனும் சரி என்கிற மாதிரிதான் பார்த்தான்.

"சாமி காரியத்தத் தள்ளிப் போடாத ராணி. பொறப்பட்ட கால உள்ள வைக்காம போயிட்டு வா. புள்ளைக்கு நான் இருக்கேன்" என்றேன்.

அவள் உள்ளே வந்து மதுஷாவின் நெற்றியில் முத்தம் வைத்துவிட்டுப் போனாள். நான் முன் டயருக்கு எலுமிச்சம்பழம் வைத்தேன். இராக்கம்மா ஜன்னல் வழியே என் கையைப் பிடித்து, "நல்லாருப்பீங்க தம்பி" என்றார். அவர் மேல் எனக்கு ஒரு கோபமும் இல்லை. அவர் வருவார் என்று நான் நினைக்கவும் இல்லை.

ஏழே கால் இருக்கும், போன் வந்தது. கொஸ்லாந்தைக்குக் கீழே ஒரு வளைவில் வேன் பள்ளத்துக்குப் போய்விட்டது. நிமலன் லைசன்ஸ் எடுத்து நாலு மாதம்தான். எஞ்சின் நின்றதும் பயத்தில் கிளட்சை மிதித்திருப்பான். புதிதாக ஓட்டுகிற எல்லாரும் அதைத்தான் செய்வார்கள். கியரிலேயே விட்டிருந்தால் கொஞ்சம் பிடித்திருக்கும். மிதித்ததும் வண்டி தன் போக்கில் உருள ஆரம்பித்துவிடும்.

நான் போய்ச் சேர்ந்தபோது நிமலனும் இராக்கம்மாவும் போய்விட்டார்கள். ஜீவராணிக்கு உயிர் இருந்தது. தேயிலைச் செடிகளுக்கு நடுவில் படுக்க வைத்திருந்தார்கள். என்னை அடையாளம் கண்டுகொண்டாள்.

"அண்ணே... நல்ல வேள, புள்ள வரல" என்றாள்.

பிறகு பேசவில்லை. அவளைத் தூக்கி மடியில் வைத்துக்கொண்டு வாய்விட்டு அழுதேன். நடிக்கவில்லை மிஸ். அம்மா செத்த பிறகு அவளுக்குத் தலை பின்னிவிட்டவன் நான். இன்றைக்கும் அவளை நினைத்தால் சோறு இறங்காது. மூன்று பேருக்கும் காரியம் எல்லாம் முறைப்படி நான்தான் செய்தேன்.

வேனை மேலே இழுத்து வந்து என் கராஜில்தான் போட்டார்கள். பரிசோதகர் வந்தபோது மூடியைக் கழற்றிக் கொடுத்ததும் நான்தான். வேனில் கிடந்த பெல்ட் பில்லையும் பிய்ந்து அறுந்த பெல்ட்டையும் பார்த்துவிட்டு, "புதுசா போட்டதா? இப்ப கடையில எல்லாம் போலிச் சாமான்" என்று அவராகவே சொன்னார். நான் ஆமாம் என்றும் சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை. விபத்து என்று எழுதிவிட்டார்கள். புதிய பெல்ட் இன்னும் என் அலுமாரியில் பெட்டியோடு இருக்கிறது. வேறு எந்த வாகனத்துக்கும் அதைப் போடவில்லை. அது அவர்களுடைய சாமான், எடுத்துப் பயன்படுத்த எனக்கு உரிமை இல்லை.

இப்போது மூன்று வருடமாகிவிட்டது. மதுஷா நன்றாகப் படிக்கிறாள். முதல் ஒரு வருடம் மாமா என்றாள், பிறகு தானாகவே அப்பா என்று மாறிவிட்டாள். சரஸ்வதி மறுபடி சாப்பிடுகிறாள், தூங்குகிறாள். பிள்ளைக்கு நாங்கள் ஒரு குறையும் வைக்கவில்லை. அதை நீங்களே வீட்டில் பார்த்தீர்கள்.

நேற்று நீங்கள் பிள்ளையைத் தனி அறையில் வைத்துப் பேசினீர்கள், சட்ட விதி அப்படி என்றீர்கள். வெளியே வந்து செருப்பைப் போட்டுக்கொண்டே மெதுவாக என்னிடம் கேட்டீர்கள்: "அன்னைக்கு மதுஷாவுக்குக் காய்ச்சல்னு ஒங்க வைஃப் சொல்றாங்க. புள்ள அப்படிச் சொல்லல. அப்பாதான் விடிஞ்சதும் எழுப்பி அடுப்புக்கிட்ட ஒக்கார வச்சு, போர்வையப் போத்தி, யாரு வந்து கேட்டாலும் ஒடம்பு முடியலன்னு சொல்லச் சொன்னாருன்னு சொல்லுது. நான் எத எழுதுறது?"

அதற்குப் பதிலாகத்தான் இத்தனை தாள் எழுதியிருக்கிறேன். சரஸ்வதியைக் குற்றம் சொல்லாதீர்கள். அவள் நெற்றியைத் தொட்டாள், சுட்டது. அதற்கு மேல் அவளுக்கு ஒன்றும் தெரியாது. கதிர்காமம் ஞாபகத்துக்கு வரவில்லை என்று மேலே எழுதியிருக்கிறேன், அந்த வரியை வெட்டிவிடுங்கள். அந்த இறக்கத்தில் போகிறவர்கள் திரும்பி வரமாட்டார்கள் என்று எனக்குத் தெரியும். தெரிந்துதான் என் தங்கையை வழியனுப்பினேன்.

பிள்ளை சொன்னதையே எழுதிக்கொள்ளுங்கள் மிஸ். அவள் பொய் சொல்ல மாட்டாள். அப்படித்தான் நான் அவளை வளர்த்திருக்கிறேன்.