அளக்காமல் வாங்கிய பலகை

மரம் காய்ஞ்சா சுருங்குமுங்க, இன்ஸ்பெக்டர் சார். அது மரத்தோட குணம்.

ரெண்டு இஞ்ச்சுப் பலகைன்னு நாங்க சொல்றது, ஈர மரத்தை அறுக்கறப்ப இருக்கற கனம். அப்புறம் அது காயும். இழைப்புளி வேற கொஞ்சம் தின்னும். கடைசியில கைக்கு வர்றது ஒண்ணரை இஞ்ச்சு. பேரு மட்டும் ரெண்டு இஞ்ச்சுதான். நாமக்கல்லுல லாரி பாடி கட்டற அத்தனை பேருக்கும் இது தெரியும். கோழிப்பண்ணை மயில்சாமிக்கு மட்டும் தெரியலைங்க.

பதினோரு வருசமா என் மரக்கடைக்கு அவர் டேப்போடதான் வருவார். நாலு பேர் நிக்கறப்பப் பலகையை அளந்துட்டு, "ஏனுங்க குருமூர்த்தி, மீதி அரை இஞ்ச்சை எங்க ஒளிச்சு வெச்சீங்க?"ன்னு கேப்பார். எல்லாரும் சிரிப்பாங்க. நானும் சிரிப்பேன். ஊருக்குள்ள எனக்கு 'அரை இஞ்ச்சு'ன்னே பேராயிருச்சு. என் பொண்ணு மோனிஷாவைப் பாக்க வந்தவங்க பஸ் ஸ்டாண்டுல வழி கேட்டிருக்காங்க. "அரை இஞ்ச்சு ஊடா? நேராப் போங்க"ன்னு யாரோ கை காட்டியிருக்காங்க. வந்தாங்க, காப்பி குடிச்சாங்க, என்னைக் கொஞ்ச நேரம் பாத்தாங்க. அப்புறம் போனே வரலை.

எனக்குக் கோபமில்லைங்க. புரிய வைக்கோணும்னு நெனச்சேன். ஒரு ஈரப் பலகையை அவரையே அளந்து கையெழுத்துப் போடச் சொன்னேன். அதை மாசக்கணக்குல காய வெச்சு, இழைச்சு, மறுபடியும் அவர் கையிலயே டேப்பைக் குடுத்தேன். மனுசன் அசந்துட்டார். கண்ணு கலங்கிருச்சு. "தப்புப் பண்ணிட்டனுங்க. இனி உங்க கடைக்கு டேப்பே கொண்டு வர மாட்டேன்"னு என் கையைப் புடிச்சுக்கிட்டார்.

மறுநாளே வந்தார். பண்ணையில எருக்குழிக்குக் குறுக்கே போட ஒரு நடைபலகை வேணும்னார். "நெசமாவே ரெண்டு இஞ்ச்சு கனம் இருக்கோணுங்க. நீங்க பாத்துக் குடுத்தாச் சரி." சொன்ன மாதிரியே அளக்காம ஏத்திக்கிட்டுப் போனார்.

ஓரமெல்லாம் சுத்தமா ரெண்டு இஞ்ச்சு இருந்துதுங்க. அடிப்பக்கம், நடுவுல மட்டும், கொஞ்சம் குடைஞ்சேன். முட்டை எடுக்கற முத்தாயம்மாள் தெனமும் அதுல நடக்கோணுமே. அந்தம்மா நாப்பது கிலோ. அதைத் தாங்கோணும்னு பாத்துப் பாத்து இழைச்சேன். எனக்கும் இரக்கம் இருக்குதுங்க. மயில்சாமி நூத்தி எட்டு கிலோ.

நாலாம் நாள் தீவன மூட்டையோட ஏறியிருக்கார். ஏழடிக் குழி. எரு மெத்துனு இருக்கும்னு நெனச்சேன். வெயிலுக்குக் கெட்டியாயிருச்சு போல. இடுப்பெலும்பு முறிஞ்சுருச்சு. ரெண்டு நாளைக்கு நர்சுங்க மூக்கைப் பொத்திக்கிட்டேதான் ஊசி போட்டாங்களாம்.

ஆரஞ்சு வாங்கிட்டு ஆஸ்பத்திரிக்குப் போய்ப் பாத்தேன். "உங்க மேல ஒரு சொல்லு விழக்கூடாதுங்க. நான்தான் பாத்து நடக்கலைன்னு போலீஸ்ல சொல்லிட்டேன்"னார். தங்கமான மனுசன். நீங்கதான் ஒடைஞ்ச துண்டைத் திருப்பிப் பாத்துட்டீங்க.

ஆமாங்க, நான்தான் செஞ்சேன். எழுதிக்குங்க. ஒரே ஒரு உதவி மட்டும் வேணும். எந்திரிச்சு நடக்கறதுக்கு ஊணுகோல் ஒண்ணு செஞ்சு தரச் சொல்லியிருக்கார். நான் வெளிய வர்ற வரைக்கும் பொறுத்துக்கச் சொல்லுங்க. அவசரப்பட்டு வேற கடையில வாங்கிறப் போறார். அங்கெல்லாம் நம்பி வாங்க முடியாதுங்க.