ஆளில்லாமல் ஓடிய படம்

— படத்தை இன்னொரு தடவை சுத்துறேன், செவுத்துல கட்டின வேட்டியில பாரு ராஜாமணி. தலைமுடியை அவுத்துவுட்டுக்கிட்டுச் சிரிக்கிறியே, யாரைப் பாத்து?

— யாரையும் இல்லீங்க. உங்க படம் புடிக்கிற பெட்டியைப் பாத்துத்தான்.

— பெட்டியைப் பாத்தா? கட்டின புருஷனைப் பாத்து ஒரு நாளாச்சும் இப்படிச் சிரிச்சிருக்கியா?

— சிரிச்சா, பல்லைக் காட்டாதேம்பீங்க.

— நிதானமாச் சொல்லு. பெட்டிக்குப் பின்னால நின்னவன் எவன்?

— மெய்யாலுமே எவனும் இல்லீங்க. நீங்க ஒகேனக்கல் போயிருந்தப்ப, நெல்லுக் குதிர் மேல பெட்டியை வச்சேன். சாவியை முறுக்கி, பித்தானை அமுக்கி, எழும்பாம மாட்டிவுட்டேன். கிர்ருனு அதுபாட்டுக்கு ஓடுச்சு. ஓடிவந்து எதுக்கால உக்காந்துக்கிட்டேன்.

— இது என்ன கூத்து? என் உருமாலையைத் தலையில கட்டி, கரியில மீசை வச்சிக்கிட்டு?

— நீங்களா இருந்தா எப்படி இருக்கும்னு பாத்தேன்.

— எப்படி இருந்துச்சாம்?

— தலை கனத்துச்சுங்க.

— ம். அப்பறம் பொட்டை அழிச்சிருக்க. கழுத்துல தாலியைக் காணோம். நான் செத்துட்டனா?

— ஐயோ, தாலியைக் கழட்டலீங்க, முதுகுப் பக்கம் தள்ளிக்கிட்டேன். பொட்டு, மூக்குத்தி, தாலி எதுவும் இல்லாட்டி மிச்சம் யாரு இருக்கான்னு பாக்கத் தோணுச்சு.

— யாரு இருந்தா?

— ஒருத்தி இருந்தா. அவளை எனக்குப் புடிச்சிருந்துச்சு. அதான் சிரிச்சேன்.

— நல்லது. நாளைக்கு உங்கப்பன் வர்றாரு. ஊர்ப் பெரியவங்களும் வர்றாங்க. இதே வேட்டியில இதே படம் ஓடும். அவங்ககிட்ட இதையே சொல்லு.

— வேணாங்க. அந்தச் சுருளைக் குடுங்க, அடுப்புல போட்டுடறேன்.

— கையை எடு. மூத்தவ நீ வூட்ல இருந்தா எனக்கு ரெண்டாந்தாரமாப் பொண்ணு தரமாட்டேங்கிறாரு பாப்பிரெட்டிப்பட்டிக்காரரு. காரணமில்லாம உன்னை அனுப்ப ஊர் உடாது.

— அதுக்கு என் மேல பழி போடுவீங்களா? பெட்டியை எடுங்க. எல்லார் முன்னாலயும் நானே முடுக்கிக் காட்டறேன். ஆளே வேணாம், தானா ஓடும். நீங்களும் அப்ப நம்புவீங்க.

— எனக்கெதுக்குப் புள்ள காட்டுற? என் படத்தை நான் தனியா அப்படித்தானே புடிச்சேன்.

— அப்போ உங்களுக்குத் தெரியும்.

— தெரியும். அவங்க யாரும் அப்படி ஒரு பெட்டியைக் கண்ணால பாத்ததில்லை.

— நாளைக்குப் பாக்கட்டும். எங்க வச்சிருக்கீங்க அதை?

— போன வாரம் பெங்களூர்ல வித்துட்டு வந்துட்டேன். நாளைக்கு நீ வாயாலதான் சொல்லணும்.